"நீங்க நம்புறீங்களா, தம்பி?"

அந்த அம்மா சண்டைக்கு வரவில்லை. எல்லார் முன்னாலும் மடக்கவும் இல்லை. குரூப் மொத்தமும் லைட் ஹவுஸ் பக்கம் நகர்ந்த பிறகு, ஒலக்கண்ணேஸ்வரர் கோயில் நிழலில் தனியாக நின்றுகொண்டு மெதுவாகத்தான் கேட்டார். "இதை நீங்க நம்புறீங்களா, தம்பி?"

அவர் கேட்டது என்னுடைய ஒரு வாக்கியத்தைப் பற்றி. மாமல்லபுரத்தில் கைடு வேலை பார்க்கிறவர்கள் ஒவ்வொருவரிடமும் சொந்தச் சரக்கு என்று ஒன்றிரண்டு இருக்கும். என்னுடையது இது: "சங்க காலத்திலிருந்து இன்று வரைக்கும் இந்தக் குன்றின் மேல் விளக்கு அணையவே இல்லை." எங்கே நின்று சொல்ல வேண்டும் என்பதற்கும் ஒரு கணக்கு உண்டு. மகிடாசுரமர்த்தினி குகையைக் காட்டிவிட்டு, பாறைப்படியில் மூச்சு வாங்க ஏறி மேலே வந்தால் ஒரு பக்கம் கடல், ஒரு பக்கம் இன்றைய கலங்கரை விளக்கம். நடுவில் ஒலக்கண்ணேஸ்வரர். விமானத்தின் உச்சி போய் மொட்டையாக நிற்கிற கோயில். இப்போதிருக்கும் கருங்கல் விளக்குக் கோபுரம் வருவதற்கு முன், வெள்ளைக்காரர்கள் இந்த மொட்டை உச்சியில்தான் விளக்கு வைத்திருந்தார்கள். இவ்வளவையும் சொல்லிவிட்டு சங்கப் பாட்டான பெரும்பாணாற்றுப்படைக்குப் போவேன். வானத்துக்கு முட்டுக்கொடுத்தது போன்ற உயரம், ஏணி சாத்தினாலும் ஏறச் சிரமமான உச்சி, கூரை வேயாத மாடம், இரவில் அதன் மேல் ஏற்றிய தீ, கடலில் ஓடுகிற கலங்களை அது கூப்பிடுகிற துறை. பாட்டில் உள்ளது இதுதான். அப்புறம் கையை அப்படியே கோபுரத்தின் பக்கம் திருப்பி, அணையவே இல்லை என்று முடிப்பேன். வெயிலில் வதங்கிப்போன கூட்டம்கூட அந்த நேரத்தில் ஒருமுறை நிமிர்ந்து பார்க்கும். அதைப் பார்க்கிறது எனக்கு ஒரு போதை என்றே சொல்லலாம்.

அந்த அம்மா தமிழாசிரியையாக இருந்திருக்க வேண்டும். நான் பாட்டின் பெயரைச் சொன்னதுமே "கடியலூர் உருத்திரங்கண்ணனார்" என்று, அதைப் பாடிய புலவரின் பெயரை அவர் வாய் முணுமுணுத்ததைக் கவனித்தேன். பிறகு அவர் சொன்னது ஏறக்குறைய இப்படி: "பாட்டுல வர்ற ஊர் நீர்ப்பெயற்று. அது மாமல்லைதான்னு சிலர் சொல்றாங்க, சிலர் ஒத்துக்கறதில்லை. அது இருக்கட்டும். இந்தக் கோயில் பல்லவர் காலத்துது. பாட்டு சங்க கால மன்னன் தொண்டைமான் இளந்திரையனைப் பத்தினது. நடுவுல எத்தனை நூறு வருஷம் ஓடியிருக்கும்! அத்தனை வருஷமும் யாரு தம்பி எண்ணெய் ஊத்தினாங்க?"

சிரித்துக்கொண்டேதான் கேட்டார். நானும் சிரித்தேன். அதற்குப் பிறகுதான் அந்தக் கேள்வி. நான் சொன்ன பதில்: "நான் நம்புறதா முக்கியம்? வந்தவங்களுக்குப் பிடிச்சிருக்கணும்மா."

"சரி சரி" என்றார். "எனக்கு முட்டி வலி. நான் மேல ஏறலை. நீங்க போய் அவங்களைப் பாருங்க."

அவ்வளவுதான் நடந்தது. திரும்பி வரும்போது வேனில் அவர் என்னிடம் நன்றாகவே பேசினார். இறங்கும்போது கையில் டிப்ஸும் வைத்தார். ஆனால் என் பதிலை மட்டும் நான் இன்னும் விட்டபாடில்லை. அப்போது சாமர்த்தியமாகப் பேசியதாக நினைத்தேன். இப்போது அது சாமர்த்தியமா, இல்லை கடைக்காரன் பேச்சா என்று தெரியவில்லை.

என் பக்க நியாயமும் இருக்கிறது. நான் சொன்ன மூன்றில் எது பொய்? பாட்டு இருக்கிறது. கோயில் உச்சியில் விளக்கு இருந்தது. கோபுரத்தில் இன்று இரவும் விளக்கு எரியும், சந்தேகம் இருந்தால் இருந்து பார்த்துவிட்டுப் போகலாம். மூன்றுக்கும் நடுவில் இருக்கும் இடைவெளிகளைத்தான் "அணையவே இல்லை" என்று சொல்லி மூடிவிடுகிறேன். அந்த ஒரு சொல் இல்லாவிட்டால் மூன்றும் தனித்தனித் தகவல். தனித்தனித் தகவலைக் கேட்க யாரும் ஈ.சி.ஆரில் இவ்வளவு தூரம் வருவதில்லை. அது கைப்பேசியிலேயே கிடைக்கிறது.

இப்படிச் சொல்லும்போதே அர்ச்சுனன் தபசு ஞாபகத்துக்கு வந்து என் வாதத்தைக் கெடுக்கிறது. அந்தப் பாறைச் சிற்பம் அர்ச்சுனன் தவமா, பகீரதன் தவத்தால் கங்கை இறங்குகிற காட்சியா என்று அறிஞர்கள் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை. அங்கே நான் இரண்டையும் சொல்கிறேன். ஒற்றைக் காலில் நிற்கிற தவசியைக் காட்டி "இவர் அர்ச்சுனன்னா சிவன் கையில பாசுபதம் வாங்கப்போறார், பகீரதன்னா அந்தப் பிளவு வழியா கங்கை வரப்போகுது" என்பேன். யாரும் முகம் சுளித்ததில்லை. மாறாக, ஆளுக்கு ஒரு கட்சி எடுத்துக்கொண்டு பேசுவார்கள். கீழே கையைத் தூக்கித் தவம் செய்கிற பூனையையும் அதன் காலடியில் எலிகளையும் காட்டினால், "அப்ப இது அர்ச்சுனனைக் கிண்டல் பண்ணுதா, பகீரதனையா?" என்று பிள்ளைகள் கேட்பார்கள். அதே ஆட்கள் குன்றின் மேல் வந்து என் வாயால் சந்தேகத்தைக் கேட்டால் மட்டும் ஏன் சோர்ந்துபோகிறார்கள்?

எனக்குத் தோன்றுகிற காரணம், அங்கே கல் இருக்கிறது. யார் என்று தெரியாவிட்டாலும் ஒரு ஆள் ஒற்றைக் காலில் நிற்கிறான். பார்த்துக்கொண்டே சந்தேகப்படலாம். விளக்கு விஷயத்தில் பார்க்க என்ன இருக்கிறது? எப்போதோ எரிந்த தீயை யாருக்கும் காட்ட முடியாது. அதில் சந்தேகத்தையும் கொண்டுவந்து வைத்தால் மிச்சம் ஒரு மொட்டைக் கோயிலும் வெயிலும்தான். இது சரியான காரணமா, நான் எனக்குச் சொல்லிக்கொள்கிற சமாதானமா, தெரியவில்லை.

(வெண்ணெய் உருண்டைக் கல்லை நகர்த்த யானைகளைக் கட்டி இழுத்த கவர்னர் கதையை இங்கே சொல்லாத கைடு கிடையாது. அதற்கு ஆதாரம் கேட்டவர் ஒருவரையும் நான் பார்த்ததில்லை. 2019இல் மோடியும் ஷி ஜின்பிங்கும் வந்துபோன பிறகு யானையைக்கூட யாரும் கேட்பதில்லை, அவர்கள் நின்ற இடம் எது என்றுதான் கேட்கிறார்கள். எங்கள் தொழிலில் எந்தக் கதை எப்போது ஓடும் என்று சொல்லவே முடியாது.)

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்த வாக்கியம் சும்மா வந்ததில்லை. 2001இல் விடுதலைப் புலிகள் பயத்தால் கோபுரத்தைப் பொதுமக்களுக்கு மூடினார்கள். 2011இல்தான் திறந்தார்கள். அந்தப் பத்து வருடமும் "மேலே போகலாமா?" என்று கேட்கிறவர்களிடம் முடியாது என்று சொல்லியே தீர வேண்டியிருந்தது. ஏற முடியாத கோபுரத்தைக் கீழிருந்து காட்டி ஆட்களைச் சும்மா அனுப்ப மனசு வராமல்தான் பாட்டைப் படித்தேன், பாட்டைக் கோயிலோடு சேர்த்தேன். கதவு திறந்த பிறகும் பழக்கம் ஒட்டிக்கொண்டுவிட்டது. இப்போது ஏணியில் ஏறி, குனிந்து வெளியே வந்து, காற்றில் துப்பட்டாவைப் பிடித்துக்கொண்டு, தெற்கே கல்பாக்கம் வரைக்கும் பார்க்கிறார்கள். அங்கே நின்று யாரும் கதை கேட்பதில்லை. கதை தேவையும் இல்லை. அப்படியென்றால் கீழே எதற்கு அந்த வாக்கியம் என்று கேட்டால், அதற்கும் என்னிடம் நேரான பதில் இல்லை.

அந்த அம்மா போன பிறகு மாற்றிச் சொல்லிப் பார்த்தேன். "சங்கப் பாட்டில் ஒரு கலங்கரை விளக்கம் வருகிறது, அது இந்த ஊராக இருக்கலாம் என்று சிலர் கருதுகிறார்கள்." ஐ.டி. கம்பெனி குரூப் ஒன்று. முன்னால் நின்ற பையன் "அப்ப கன்ஃபர்ம் இல்லையாண்ணா?" என்று கேட்டுவிட்டு, கடலுக்கு முதுகைக் காட்டி செல்ஃபி எடுக்கப் போய்விட்டான். அவன்மேல் கோபம் வந்தது. ஆனால் அவன் கேட்டதும் அந்த அம்மா கேட்டதும் ஒரே கேள்விதான். அவருக்கு மரியாதையாகப் பதில் சொன்ன எனக்கு இவன் மேல் மட்டும் ஏன் எரிச்சல்?

ஒருவேளை அந்த அம்மா கேட்டதும் ஆதாரத்தைப் பற்றியது இல்லையோ என்று சில சமயம் தோன்றும். ஆதாரக் கேள்வியைத்தான் முதலிலேயே கேட்டு முடித்துவிட்டாரே. "நம்புறீங்களா" என்று தனியாகக் கேட்டது என்னைப் பற்றி. இவ்வளவு உருக்கமாகச் சொல்கிற ஆள் உள்ளே என்ன நினைக்கிறான் என்று ஒரு ஆசிரியைக்கு வருகிற இயல்பான ஆவல். அதற்கு நான் வாடிக்கையாளர் திருப்தியைப் பற்றிப் பதில் சொன்னேன். ஆமாம் என்றோ இல்லை என்றோ சொல்லியிருக்கலாம். உண்மையைச் சொன்னால், வெயில் காலத்து மத்தியானங்களில் நம்புவதில்லை. மழைக்கால மேகத்தில் சீக்கிரமே இருட்டி, மேலே விளக்கு சுற்றத் தொடங்குகிற நாளில் முழுசாக நம்புகிறேன். இதை ஒரு கைடு வெளியே சொல்ல முடியுமா?

இப்போது குரூப்பைப் பார்த்துப் பேசுகிறேன். பள்ளிக்கூடப் பிள்ளைகள் என்றால் பழைய வாக்கியம் அப்படியே. தமிழ் படித்தவர் என்று பட்டால் "சிலர் கருதுகிறார்கள்". இது நேர்மையா என்று கேட்டால், பிள்ளைகள் வீட்டுக்குப் போய் அந்தப் பாட்டைத் தேடினால் போதும் என்று சொல்வேன். தேடுகிறார்களா என்பது எனக்குத் தெரியாது.

என்னிடம் வேலை பழகிய பையன் ஒருவன் இருக்கிறான். பேட்ஜ் வாங்கி இப்போது தனியாகவே குரூப் எடுக்கிறான். போன வாரம் குகை வாசலில் என் ஆட்களோடு நின்றுகொண்டிருந்தபோது மேலே அவன் குரல் கேட்டது. அதே வாக்கியம், அதே இழுப்பு. கடைசியில் மட்டும் புதிதாக ஒன்று சேர்த்திருக்கிறான்: "ரோமாபுரிக் கப்பலெல்லாம் இந்த வெளிச்சத்தைப் பார்த்துத்தான் கரைக்கு வந்துச்சு." கைதட்டினார்கள். எனக்கு யாரும் இதுவரை கைதட்டியதில்லை. அவனைக் கூப்பிட்டு, ரோமாபுரியை விட்டுவிடுடா என்று சொல்லலாமென்று இருக்கிறேன். சொன்னால் "அப்ப நீங்க சொல்றது மட்டும்ண்ணே?" என்று கேட்பான். சீசன் முடியட்டும் என்று விட்டு வைத்திருக்கிறேன்.