நகர்மானி

ஞாயித்துக்கிழமை காலைல முறுக்கு அச்சைக் காணோம். இடியாப்பம்னு வாய்விட்டுட்டேன், தேங்காப்பாலும் எடுத்து வெச்சாச்சு. பரண்ல இல்ல, மாடி வீட்டு அக்காகிட்டயும் இல்ல. தேடிக்கிட்டே மொட்டைமாடிக்குப் போனா, சின்னவன் தண்ணி டேங்க் மேல ஏறி நின்னு, ஒத்தைக் கண்ணை மூடிக்கிட்டு, அந்த அச்சு வழியா ஹார்பரைப் பாத்துக்கிட்டு இருக்கான்.

அச்சு மட்டும்னா பரவால்ல. அது ஒரு எவர்சில்வர் தட்டு மேல உக்காந்திருக்கு. தட்டைச் சுத்தி 360 டிகிரிக்கும் மார்க்கர்ல கோடு. என் கல்யாணத்துக்கு எங்கம்மா பேரு வெட்டிக் குடுத்த தட்டு. எங்கம்மா பேரு இப்ப 180-ல இருக்கு. கீழ ஷூ டப்பா, டப்பாக்குள்ள காத்தாடி விடுற லொட்டாய், நூல்ல சாணுக்கு ஒரு முடிச்சு. டப்பா மூடியில பட்டர் பேப்பர் அடுக்கி கிளிப் போட்டிருக்கான், நாளுக்கு ஒரு தாள்.

"என்னடா இது?"

"நகர்மானிம்மா."

வெப்பமானி மாதிரியாம். தமிழ் டீச்சர் புண்ணியம்.

இவனும் பக்கத்து வீட்டுப் பசங்களும் லீவுல ஒரு நாடு கண்டுபிடிச்சிருக்காங்க, டுர்ராபுரம். ராத்திரி எல்லாரும் தூங்கினதும் அந்த நாடு இடம் மாறிடும். மலை ரெண்டும் இடத்தை மாத்திக்கும், ஆறு மேட்டுல ஏறும், ராஜா காலைல எழுந்து கதவைத் திறந்தா எதிர்ல பாலைவனம். ஒரு தடவை போட்ட மேப் மறுநாள் செல்லாது. அதனால தினம் அளக்க ஒரு மிஷினு.

இதெல்லாம் எங்கருந்துடா வருதுன்னு கேக்க எனக்கு வாய் வரல. இவன் கைக்குழந்தையா இருக்கும்போது திருவொற்றியூர் ஹை ரோட்டுல மெட்ரோவுக்குத் தோண்ட ஆரம்பிச்சாங்க. தடுப்பு இன்னிக்கு இந்தப் பக்கம், நாளைக்கு அந்தப் பக்கம். தடுப்பூசி போடக் கூட்டிட்டுப் போன வழி வேற, திரும்பி வந்த வழி வேற. 2021 பிப்ரவரில விம்கோ நகர் வரைக்கும் ரயில் விட்டாங்க. அப்பாடான்னு உக்காந்தா மழைநீர் கால்வாய், அது மூடினா கேபிள். போன வாரம் போன் மேப்பை நம்பி லெஃப்ட்ல திரும்பின ஆட்டோக்காரர் பள்ளத்து விளிம்புல பிரேக் போட்டுட்டு, என்னமோ நான்தான் தோண்டின மாதிரி என்னைத் திரும்பிப் பாத்தாரு. டுர்ராபுரத்து ராஜா எவ்வளவோ தேவலை.

"மூணு இடம் நகராம இருக்கணும்மா. அதை வெச்சுதான் மத்ததெல்லாம் எவ்ளோ நகந்துச்சுன்னு கணக்கு" என்றான் சின்னவன். நியாயமான பேச்சு. ஆனா நம்ம ஏரியால நகராததுக்கு எங்க போறது? முதல்ல ஹார்பர் கிரேனை வெச்சிருக்கான். மறுநாள் பாத்தா கிரேன் நாலு கப்பல் தள்ளி நிக்குது, ஒன்பது மாகாணமும் காலி. அடுத்து நீல டிரம். தண்ணி லாரி வந்த ராத்திரி அதுவும் போச்சு. மூணாவது, சோபால இவங்கப்பா. நானா இருந்தா முதல்லயே அவரைத்தான் வெச்சிருப்பேன். பத்து வருஷமா ஒரு இம்மி நகரல.

அவரும் அன்னிக்குன்னு பாத்து எழுந்து மாடிக்கு வந்துட்டாரு. குரூப் ஃபோருக்குப் படிச்சதெல்லாம் எங்கயாவது கொட்டணுமே. "1802-ல லாம்டன்னு ஒரு வெள்ளக்காரன்டா, நம்ம பரங்கிமலைப் பக்கம்தான் முதல்ல சங்கிலி போட்டு அளந்தான். அவன் வெச்சிருந்த தியோடலைட்டு, கோணம் அளக்குற மிஷினு, அரை டன். 1808-ல தஞ்சாவூர் பெரிய கோயில் கோபுரத்து மேல கயித்துல கட்டி ஏத்துனான் பாரு..."

"ஏத்தி?"

"கயிறு அறுந்து செவுத்துல மோதிடுச்சு."

சொல்லி வாய் மூடல. டேங்க் மேலருந்து தட்டு, அச்சு, டப்பா எல்லாம் சறுக்கி, மாடி வீட்டு அக்கா காயப்போட்ட நெத்திலி மேல டமார்னு விழுந்துச்சு. லாம்டன் தானே உக்காந்து அந்த மிஷினை நிமித்திச் சரிபண்ணாராம். எங்க வீட்டுல நான்தான் அச்சை நிமித்தினேன். நெத்திலி வாசம் போக மூணு தடவை கழுவினேன். இடியாப்பம் கைவிடப்பட்டு உப்புமா ஆனது.

சாயங்காலம் மறுபடி மாடில சத்தம். இந்தத் தடவை நகராத இடம் ஆயா. பிளாஸ்டிக் சேர்ல உக்கார வெச்சு, காலைச் சுத்தி சாக்பீஸ்ல வட்டம் போட்டிருக்கான்.

"டேய், பாத்ரூம் போணும்டா."

"அஞ்சு நிமிஷம் ஆயா. நகராத."

ஆயா கொஞ்ச நேரம் தாளையே பாத்துச்சு. அப்புறம், "இதுல என் வூடு எங்கடா?"

"இதான ஆயா உன் வூடு. கீழ."

"இது உங்க தாத்தா வூடு. நான் பொறந்த வூடு. குப்பத்துல."

திருவொற்றியூர் குப்பம். ஹார்பர் கட்டினதும் அலை கொண்டுவந்த மணல் தெற்கே மெரினாவுல தங்கிடுச்சு, வடக்கே கடல் உள்ள வந்துச்சு. கல்லைக் கொட்டினதும் தூண்டில் வளைவு போட்டதும் எல்லாம் பின்னாடி. ஆயா வீடு, வீடு இருந்த தெரு, தெருமுனைல இருந்த கிணறு, எதுவும் இப்ப இல்ல. ஆயா இதையெல்லாம் எங்ககிட்ட இதுவரைக்கும் ரெண்டு வரிக்கு மேல சொன்னதில்ல.

சின்னவன் அச்சைத் திருப்பினான். "எந்தப் பக்கம்?"

ஆயா வெத்தலைக் கையை நீட்டுச்சு. "வடக்கால. இன்னும் கொஞ்சம். கல்லுக்கு அந்தாண்ட, தண்ணில." அவன் டிகிரி படிச்சான், லொட்டாயைச் சுத்தி முடிச்சு எண்ணினான், எல்லாத் தாளுக்கும் அடியில ஒரு புதுத் தாளைச் செருகி சின்னதா ஒரு சதுரம் போட்டான்.

"கெணறு?"

கிணறும் போட்டான்.

"சரி, இப்ப எந்திரிக்கவா?"

"இரு ஆயா. நீ எந்திரிச்சா உன் வீடு நகந்துடும்."

பாதி எழுந்த ஆயா, சேர் கைப்பிடியைப் பிடிச்சுக்கிட்டு மறுபடி உக்காந்துச்சு.