ஹெர்பர்ட் சாப்மன் அடைத்த ஓட்டைகள்

1925 ஜூனில் கால்பந்தின் ஆஃப்சைடு விதியில் ஒரே ஒரு எண்தான் மாறியது. அதுவரை, பந்து முன்னால் தரப்படும் நேரத்தில் தாக்குகிறவருக்கும் கோல் கோட்டுக்கும் நடுவே எதிரணியினர் மூன்று பேர் இருந்தாக வேண்டும், இல்லாவிட்டால் ஆஃப்சைடு என்று ஆட்டத்தை நிறுத்திவிடுவார்கள். இனி இரண்டு பேர் போதும் என்றார்கள். கோல்கீப்பரும் அந்தக் கணக்கில் சேர்த்தி.

பழைய விதியில் ஆஃப்சைடு வலை விரிப்பது தடுப்பாட்டக்காரர்களுக்குக் கொண்டாட்டம். நியூகாசிலின் பில் மெக்ராக்கன் அதில் பேர் போனவர். ஒரு ஃபுல்பேக், அதாவது பின்வரிசைத் தடுப்பாட்டக்காரர், சட்டென்று முன்னே ஏறுவார்; தாக்குகிறவர் ஆஃப்சைடில் மாட்டிக்கொள்வார். கணக்குத் தப்பினாலும் பின்னால் இன்னொரு ஃபுல்பேக் காவலுக்கு இருப்பார். புது விதியில் அந்தக் காவல் போயிற்று. ஏறினால் இருவரும் சேர்ந்து ஏற வேண்டும், தப்பினால் கோல்கீப்பர் தனியாள். 1924–25 சீசனில் இங்கிலீஷ் லீகின் எல்லாப் பிரிவுகளிலும் சேர்த்து 4,700 கோல்கள். அடுத்த சீசனில் 6,373.

அந்தக் கோடையில்தான் சாப்மன் ஆர்சனலுக்கு மேனேஜராக வந்தார். அவரை ‘டபிள்யூ-எம் அமைப்பைக் கண்டுபிடித்தவர்’ (ஆட்டக்காரர்களை அந்த இரண்டு எழுத்து வடிவில் நிறுத்தும் முறை) என்று ஒரே வரியில் சொல்லிவிடுவார்கள். அது பாதிதான் சரி. ஒரு ஓட்டையை அடைத்தால் இன்னொரு இடம் திறந்துகொள்ளும் என்று தெரிந்து, அதையும் அடைக்கத் தகுந்த ஆளைத் தேடிப் பிடித்துக்கொண்டே போனவர் அவர். அதற்கு ஐந்தாறு வருடம் பிடித்தது.

ஆட்டக்காரராக அவரைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. 1878-ல் கைவெட்டன் பார்க் என்ற சுரங்க ஊரில் பிறந்து, சுரங்கப் பொறியியல் படித்தவர். ஷெஃபீல்டு யுனைடெட், நாட்ஸ் கவுண்டி, டாட்டன்ஹாம் என்று கிளப் கிளப்பாக மாறினார். தம்பி ஹாரிதான் வீட்டில் பெரிய ஆட்டக்காரர். ஷெஃபீல்டு வெட்னஸ்டேயோடு 1903, 1904 என இரண்டு லீக் பட்டங்கள் வென்றவர். ஹெர்பர்ட் நினைவில் நின்றது மஞ்சள் பூட்ஸால். கூட விளையாடுகிறவர்கள் கூட்டத்தில் தன்னைச் சட்டென்று கண்டுபிடிக்கட்டும் என்றுதான் அந்த நிறம்.

1907-ல் நார்த்தாம்ப்டன் டவுன் மேனேஜர் வேலை முதலில் டாட்டன்ஹாம் தோழர் வால்டர் புல்லுக்கு வந்தது. அவர் மனம் மாறி, சாப்மன் பேரைச் சொல்லிவிட்டார். சதர்ன் லீகில் கடைசி இடத்தில் கிடந்த அந்த அணி 1908–09-ல் பட்டம் வென்றது. அவருடைய பிடி அங்கேயே தெரிந்துவிட்டது: எதிரணியின் பாதியிலேயே முகாம் போட்டு நெருக்கினால் பத்துப் பேர் கோல் முன் குவிந்து வழியை அடைத்துவிடுவார்கள். பந்தைக் கொஞ்சம் விட்டுக்கொடுத்து அவர்களை வெளியே இழுத்தால், அவர்கள் முதுகுக்குப் பின்னால் இடம் கிடைக்கும். பிற்கால ஆர்சனலின் விதை இதுதான்.

அடுத்து லீட்ஸ் சிட்டி. முதல் உலகப்போர்க் காலத்தில் ஆட்டக்காரர்களுக்குச் சட்டத்துக்குப் புறம்பாகப் பணம் கொடுத்ததாகக் குற்றச்சாட்டு எழுந்தது. கிளப் கணக்குப் புத்தகங்களைக் காட்ட மறுத்தது. 1919 அக்டோபரில் லீகிலிருந்தே நீக்கப்பட்டது. ஆட்டக்காரர்களை ஒரு ஓட்டலில் வைத்து ஏலம் விட்டார்கள். சாப்மனுக்கும் தடை. போரின்போது பார்ன்போ வெடிகுண்டுத் தொழிற்சாலையில் வேலை பார்த்தேன், பணம் கைமாறியபோது நான் அங்கில்லை என்று வாதாடித் தடையை நீக்கிக்கொண்டார்.

1921-ல் ஹடர்ஸ்ஃபீல்டு டவுன். மறு வருடமே இங்கிலாந்தின் நாக்-அவுட் போட்டியான எஃப்ஏ கோப்பை. 1923–24 லீக் பட்டம் வந்த விதம் தனிக்கதை. ஹடர்ஸ்ஃபீல்டும் கார்டிஃப் சிட்டியும் தலா 57 புள்ளிகள். அன்றைய விதிப்படி அடித்த கோலை வாங்கிய கோலால் வகுக்க வேண்டும். ஹடர்ஸ்ஃபீல்டு 60-க்கு 33, அதாவது 1.818. கார்டிஃப் 61-க்கு 34, அதாவது 1.794. வித்தியாசம் 0.024. கடைசி நாளில் கார்டிஃபின் லென் டேவிஸ் ஒரு பெனால்டியைத் தவறவிட்டார். இன்றைய கழித்தல் கணக்கில் இரண்டு அணிக்கும் 27 வந்திருக்கும், கூடுதல் கோல் அடித்த கார்டிஃப் பட்டத்தைத் தூக்கியிருக்கும். அடுத்த வருடமும் பட்டம்; ஹடர்ஸ்ஃபீல்டு 42 ஆட்டங்களில் 28 கோல்கள்தான் வாங்கியது, ஒரு ஆட்டத்தில்கூட இரண்டுக்கு மேல் வாங்காமல். மூன்றாவது பட்டம் 1926-ல், சாப்மன் போன பிறகு.

ஆர்சனல் 1924–25-ல் 22 அணிகளில் 20-வது. பெருந்தொகை கொடுத்து ஆள் வாங்கித்தான் அணி கட்ட முடியும் என்பவர்கள் விண்ணப்பிக்க வேண்டாம் என்று சேர்மன் ஹென்றி நாரிஸ் விளம்பரம் கொடுத்திருந்தார். சாப்மன் வந்ததும் சண்டர்லாந்திலிருந்து சார்லி பக்கனை வாங்கினார். முன்பணம் 2,000 பவுண்டு, அதற்கு மேல் முதல் சீசனில் அடிக்கும் ஒவ்வொரு கோலுக்கும் 100. பக்கன் 21 கோல் அடித்துத் தொலைத்தார். விளம்பரத்தை யாரும் திரும்ப நினைவுபடுத்தியதாகத் தெரியவில்லை.

1925 அக்டோபர் 3, நியூகாசிலில் 7–0 தோல்வி. அன்று எல்லோரும் ஆடியது 2-3-5: பின்னால் இரண்டு ஃபுல்பேக், நடுவில் மூன்று ஹாஃப்பேக், முன்னால் ஐந்து பேர். நடு ஹாஃப்பேக்கான சென்டர் ஹாஃப்தான் அணியின் அச்சாணி. தடுப்பார், தாக்கவும் போவார். புது விதியில் எதிரணி முன்வரிசையின் நடு ஆளான சென்டர் ஃபார்வர்டு இன்னும் முன்னே போய் நிற்க முடிந்தது. சென்டர் ஹாஃப் ஓடித் திரும்புவதற்குள் கோல். சென்டர் ஹாஃபைப் பின்னுக்கு இழுத்து இரண்டு ஃபுல்பேக்குகளுக்கு நடுவே நிறுத்த வேண்டும் என்று பக்கன் முன்பிருந்தே சொல்லிவந்தார். நியூகாசில் அன்று சார்லி ஸ்பென்சரைப் பின்னால் நிறுத்தித்தான் ஜெயித்தது. ஆக, யோசனை சாப்மனுடையது அல்ல.

ஆனால் சென்டர் ஹாஃப் பின்னால் போனால் நடுக்களத்தில் ஓர் ஆள் குறையும். அங்கே யாராவது இறங்க வேண்டும். நானே இறங்குகிறேன் என்றார் பக்கன். கோல் அடிக்கத்தான் உன்னை வாங்கினேன் என்று சாப்மன் விடவில்லை. கிளப்பின் மூன்றாம் அணியில் கிடந்த ஆண்டி நீலைத் தேர்ந்தெடுத்தார்கள். ஓட்டம் போதாது, ஆனால் பந்து காலில் நிற்கும், கொடுப்பது சரியாகப் போய்ச் சேரும். இரண்டு நாள் கழித்து வெஸ்ட் ஹாமை அதன் மைதானத்திலேயே 4–0. சீசன் முடிவில் இரண்டாம் இடம்.

அதோடு கதை முடியவில்லை. அடுத்த நான்கு சீசன்களில் ஆர்சனலின் இடம் 11, 10, 9, 14. படத்தில் சரியாக இருந்த அமைப்புக்கு ஆட்கள் சரியில்லை. ஜாக் பட்லர் தாக்குதல் ருசி கண்ட சென்டர் ஹாஃப்; பின்னால் நில் என்றால் நிற்க வராது. ஆஸ்வெஸ்ட்ரி டவுனிலிருந்து ஹெர்பி ராபர்ட்ஸ் வந்தார், விலை வெறும் 200 பவுண்டு. எதிரணி சென்டர் ஃபார்வர்டை மறிப்பது ஒன்றே வேலை, அதைத் தாண்டி ஆசையே கிடையாது. சென்டர் ஹாஃப் நடுவை அடைத்ததால் ஃபுல்பேக்குகள் வெளியே விரிந்து, ஓரத்தில் தாக்குகிற விங்கர்களைப் பிடித்தார்கள். இதுவரை விங்கர்களைப் பார்த்த ஹாஃப்பேக்குகள் உள்ளே வந்து, விங்கருக்கும் சென்டர் ஃபார்வர்டுக்கும் நடுவே ஆடும் எதிரணி இன்சைடு ஃபார்வர்டுகளை எடுத்துக்கொண்டார்கள். நம் இன்சைடு ஃபார்வர்டுகள் இருவரும் சற்று இறங்கினார்கள். மேலிருந்து பார்த்தால் முன்வரிசை ஐவர் டபிள்யூ, பின்வரிசை ஐவர் எம்.

எல்லாம் தங்கியிருந்தது தடுப்பையும் தாக்குதலையும் சேர்க்கும் இணைப்பில். 1928-ல் பக்கன் ஓய்வுபெற, போல்டனிலிருந்து டேவிட் ஜாக் வந்தார். 10,000 பவுண்டைத் தாண்டிய முதல் பரிமாற்றம். மறு வருடம் பிரஸ்டனிலிருந்து 8,750 பவுண்டுக்கு அலெக்ஸ் ஜேம்ஸ். வாரச் சம்பளத்துக்கு 8 பவுண்டு என்று லீகே உச்சவரம்பு வைத்திருந்தது. எனவே செல்ஃப்ரிட்ஜஸ் கடையில் விளையாட்டுப் பொருள் விளக்குபவராக அவருக்கு இன்னொரு வேலை பிடித்துத் தந்தார்கள், வருடத்துக்கு 250 பவுண்டு. பிரஸ்டனில் கோல் அடித்துப் பேர் வாங்கியவரை சாப்மன் கோலிலிருந்து தள்ளி, தன் பாதிக்குள்ளேயே நிற்க வைத்தார். தடுத்த பந்து அவரிடம் வரும். ஓரத்தில் கிளிஃப் பாஸ்டினுக்கோ, குறுக்கே மறுபக்கம் ஜோ ஹியூமுக்கோ நீளமாக ஒரு பாஸ். விங்கர்கள் ஓரக்கோட்டோடு ஓடி கிராஸ் போடாமல் நேரே கோலை நோக்கி உள்ளே வெட்டுவார்கள். 1932–33-ல் பாஸ்டின் 33, ஹியூம் 20 லீக் கோல்கள், இருவரும் விங்கர்கள்.

பலன் 1930-ல் தொடங்கியது: எஃப்ஏ கோப்பை இறுதியில் ஹடர்ஸ்ஃபீல்டை 2–0. முதல் கோல் ஜேம்ஸ், இரண்டாவது அவர் கொடுத்த நீள பாஸில் ஜாக் லாம்பர்ட். 1930–31-ல் 66 புள்ளி, 127 கோலோடு லீக் பட்டம். 1933-ல் மறுபடியும் பட்டம். சட்டை எண், இரவு விளக்கு, வெள்ளைப் பந்து, கில்லெஸ்பி ரோடு ரயில் நிலையத்துக்கு ஆர்சனல் பெயர் என்று அவர் கைவைத்த மற்றவற்றையெல்லாம் எல்லோரும் எழுதிவிட்டார்கள். அவற்றைவிட, இந்த இயந்திரம் எங்கே உடையும் என்பதைத்தான் கவனிக்க வேண்டும். ஜேம்ஸ் இல்லாவிட்டால் உடையும். 1932 கோப்பை இறுதியில் முழங்கால் காயத்தால் அவர் ஆடவில்லை, நியூகாசிலிடம் 2–1 தோல்வி. லீகும் எவர்ட்டனிடம் இரண்டு புள்ளியில் போயிற்று.

1934 ஜனவரி தொடக்கத்தில் குளிரில் ஊர் ஊராக ஆட்டம் பார்த்த சாப்மன், உடம்பு சரியில்லாமலே கில்ட்ஃபோர்டுக்கு மூன்றாம் அணி ஆட்டத்துக்கும் போனார். நிமோனியா. ஜனவரி 6 அன்று இறந்தார், வயது 55. ஆர்சனல் அந்த சீசனையும் அடுத்ததையும் வென்று மூன்று தொடர் பட்டங்களை முடித்தது.

மற்ற கிளப்புகள் அதற்குள் நகல் எடுத்திருந்தன. எடுத்தது ராபர்ட்ஸை மட்டும்: உயரமான, தடுக்க மட்டுமே தெரிந்த சென்டர் ஹாஃப். ஜேம்ஸைப் போல் ஓர் ஆள் கிடைக்காததால், பின்னாலிருந்து பந்தை உதைத்துவிட்டு ஓடுவதே ஆட்டமாயிற்று. 1953 நவம்பர் 25 அன்று வெம்ப்ளியில் ஹங்கேரியின் சென்டர் ஃபார்வர்டு ஹிடெக்குட்டி முன்னே நிற்காமல் நடுக்களத்துக்கு இறங்கி ஆடினார். இங்கிலாந்தின் சென்டர் ஹாஃப் ஹாரி ஜான்ஸ்டன் பின்தொடர்ந்தால் கோல் முன் வெற்றிடம், நின்றுவிட்டால் ஹிடெக்குட்டிக்குக் காவல் இல்லை. ஹிடெக்குட்டி மூன்று கோல் அடித்தார், ஆட்டம் 6–3.