தாம்பரம் ரயில் நிலையம்: இங்கே கிளம்பும் வண்டியும் இங்கே நின்று போகும் வண்டியும்

சென்னைப் புறநகர் மின்ரயிலில் புதிதாக ஏறுகிறவர்கள் தாம்பரத்தை வழியில் வரும் ஒரு நிறுத்தமாக நினைத்துக்கொள்கிறார்கள். அது ஒரு முனை. சென்னை பீச் நிலையத்திலிருந்து வரும் வண்டிகளில் ஒரு பங்கு இங்கேயே முடிந்து, வந்த வழியே திரும்பிவிடும். மற்றவை செங்கல்பட்டு வரை போகும், சில வண்டிகள் காஞ்சிபுரம் வழியாகத் திருமால்பூர் வரைக்கும். உட்கார இடம் கிடைக்குமா, எந்த நடைமேடையில் நிற்பது, ராத்திரி எத்தனை மணிக்குள் கிளம்புவது எல்லாமே இந்த ஒரு விஷயத்தைப் பொறுத்ததுதான்.

தெற்கே போகும் மீட்டர்கேஜ் (தண்டவாள இடைவெளி ஒரு மீட்டர்) பாதை 1870களிலேயே இந்தப் பக்கம் வந்துவிட்டது. ஆனால் தாம்பரத்தை முனையாக்கியது 1931-ல் தென்னிந்திய ரயில்வே கொண்டுவந்த மின்சார ரயில். 1,500 வோல்ட் நேர்மின்சாரத்தில் பீச்சிலிருந்து கம்பி இழுத்து வந்தவர்கள் தாம்பரத்தில் நிறுத்தினார்கள். கம்பி நின்ற இடத்தில்தான் வண்டி திரும்ப வேண்டும், ராத்திரி நிறுத்திப் பராமரிக்கவும் வேண்டும். மின்ரயில் பணிமனை இன்றும் இங்கேதான் இருக்கிறது. 1967-ல் பாதை 25,000 வோல்ட் மாறுமின்சாரத்துக்கு மாறியது. பிறகு அகலப்பாதை போட்டார்கள், 2004-ல் கடைசி மீட்டர்கேஜ் மின்ரயிலும் ஓய்ந்தது. கேஜும் மின்சாரமும் மாறினாலும் முனை மாறவில்லை.

ஊர் வளர்ந்ததும் ரயிலை ஒட்டித்தான். சானடோரியம் நிலையத்துக்குப் பெயர் தந்த காசநோய் மருத்துவமனை 1928-ல் வந்தது. சென்னை கிறித்தவக் கல்லூரி 1937-ல் ஜார்ஜ் டவுனை விட்டுத் தாம்பரத்துக்கு இடம் மாறியது. அன்றைக்குக் காடாகக் கிடந்த இடத்துக்கு ஒரு கல்லூரியே கிளம்பி வந்ததென்றால், மின்சார ரயில் இல்லாமல் அதை யோசித்துப் பார்ப்பது கஷ்டம்.

இனி நடைமுறை. காலை நெரிசலில் நகரத்துக்குள் போகிறவர்களுக்குத் தாம்பரத்தில் கிளம்பும் வண்டிதான் நல்லது. செங்கல்பட்டிலிருந்து வரும் வண்டி கூடுவாஞ்சேரி, பெருங்களத்தூரிலேயே நிரம்பிவிடும், தாம்பரத்தில் கம்பியைப் பிடிக்க இடம் கிடைத்தாலே அதிர்ஷ்டம். அது முன்னால் வந்தால் விட்டுவிட்டு, அடுத்து இங்கிருந்து கிளம்புவதற்காகக் காத்திருப்பது பெரும்பாலும் லாபம். பீச் வரை பதினெட்டு நிலையங்கள், ஏறத்தாழ ஒரு மணி நேரம். அவ்வளவு தூரம் நின்றுகொண்டு போவதற்குப் பத்து நிமிடம் தாமதமாகக் கிளம்பலாம். மாலையில் கணக்கு தலைகீழ். பெருங்களத்தூர், வண்டலூர், பொத்தேரி போகிறவர்கள் "தாம்பரம்" என்று போட்ட வண்டியில் ஏறினால் பாதியில் இறங்கி மாற வேண்டும். முன்பக்கப் பலகையையும் அறிவிப்பையும் பார்த்துவிட்டு ஏறுங்கள்.

தாம்பரத்தை நெருங்கும்போது சானடோரியம் தாண்டி வண்டி சும்மா நிற்பதைப் பலர் திட்டுவார்கள். காரணம் எளிது. முடிகிற வண்டி ஆளை இறக்கி, ஓட்டுநர் மறுமுனை அறைக்கு மாறி, சிக்னல் கிடைத்துக் கிளம்பும் வரை நடைமேடை காலியாகாது. மின்ரயிலுக்கு இரண்டு முனையிலும் ஓட்டுநர் அறை இருப்பதால் எஞ்சினைச் சுற்றிவிடும் வேலை இல்லை. இருந்தாலும் சில நிமிடம் பிடிக்கும். பின்னால் வருவது சிக்னலில் காத்திருக்கத்தான் வேண்டும்.

வேக மின்ரயிலிலும் ஏமாந்துபோகலாம். அது விரைவு ரயில்கள் ஓடும் பாதையில் போகும், எல்லா நிலையத்திலும் நிற்காது. எழும்பூர், மாம்பலம் போன்ற பெரிய நிலையம் என்றால் தைரியமாக ஏறலாம். பழவந்தாங்கலுக்கோ சேத்துப்பட்டுக்கோ போகிறவர்கள் சாதாரண வண்டியிலேயே போவது நல்லது.

டிக்கெட்டுக்குக் கவுண்டர், தானியங்கி எந்திரம், செல்போன் செயலி என மூன்று வழி. சாதாரண இரண்டாம் வகுப்பில் குறைந்தபட்சக் கட்டணம் 5 ரூபாய். செயலியில் காகிதமில்லா டிக்கெட் எடுக்கிறவர்கள் வழக்கமாகச் சிக்கும் இடம் ஒன்று உண்டு: நடைமேடைக்கு வந்த பிறகு எடுக்கப் பார்ப்பார்கள். நிலையத்துக்குள் நின்றால் செயலி மறுத்துவிடும். பரிசோதகரைக் கண்டதும் எடுப்பதைத் தடுக்கத்தான் இந்த ஏற்பாடு. உள்ளே வந்துவிட்டால் நிலையத்தில் ஒட்டியிருக்கும் க்யூஆர் குறியீட்டை ஸ்கேன் செய்து எடுக்க வேண்டும். எடுத்த ஒரு மணி நேரத்துக்குள் பயணம் தொடங்க வேண்டும். பரிசோதகரிடம் செயலியைத் திறந்து காட்ட வேண்டும், ஸ்கிரீன்ஷாட் செல்லாது. டிக்கெட் இல்லாமல் பிடிபட்டால் கட்டணத்தோடு குறைந்தது 250 ரூபாய் அபராதம்.

தினமும் போகிறவர்களுக்கு மாதச் சீசன் டிக்கெட். அதன் விலை ஏறக்குறைய பதினைந்து ஒற்றைப் பயணங்களின் கட்டணம், ஆக ஒரு வாரம் போய்வந்த கொஞ்ச நாளிலேயே போட்ட காசு திரும்பிவிடும். 2025 ஏப்ரலில் தொடங்கிய ஏசி மின்ரயிலில் இது செல்லாது. அதற்குத் தனி டிக்கெட், தனி சீசன், குறைந்தபட்சக் கட்டணமே 35 ரூபாய். பன்னிரண்டு பெட்டி, தானாக மூடும் கதவு. சித்திரை வெயிலில் அந்தக் காசு தகும். ஆனால் சேவைகள் குறைவு, நேரம் பார்த்துத்தான் வர வேண்டும்.

எங்கே மாறுவது என்பதில் சில குறிப்புகள். விமான நிலையத்துக்குத் திரிசூலத்தில் இறங்குங்கள், சுரங்கப்பாதை வழியே சாலையைக் கடந்துவிடலாம். மீனம்பாக்கம் என்ற பெயரை நம்பி அடுத்த நிலையத்தில் இறங்கிப் பெட்டியை இழுத்துக்கொண்டு நடப்பவர்கள் இன்றைக்கும் உண்டு. வடபழனி, கோயம்பேடு, அண்ணா நகர் போக பரங்கிமலையில் பச்சை வழித்தட மெட்ரோ. நந்தனம், தேனாம்பேட்டைக்குக் கிண்டியில் நீல வழித்தடம். சென்ட்ரலுக்குப் பூங்கா நிலையம், எதிரே சுரங்கப்பாதை. ஆவடி, கும்மிடிப்பூண்டி வண்டிகள் சென்ட்ரலை ஒட்டிய மூர் மார்க்கெட் வளாகத்திலிருந்து கிளம்பும். மயிலாப்பூருக்குப் பறக்கும் ரயில், கோட்டை நிலையத்தில் மாறலாம்.

தாம்பரத்தில் எந்தப் பக்கம் இறங்குகிறோம் என்பதும் முக்கியம். மேற்கே ஜி.எஸ்.டி. சாலை, பேருந்துகள், சண்முகம் சாலைக் கடைகள், முடிச்சூர் போகும் வழி. கிழக்கே சேலையூர், கேம்ப் ரோடு, மேடவாக்கம், வேளச்சேரி. ஆட்டோக்காரரிடம் பேரம் பேசிய பிறகு பக்கம் மாறியது தெரிந்தால், நடைமேம்பாலத்தில் திரும்ப ஏறி இறங்கத்தான் வேண்டும். தண்டவாளத்தைத் தாண்டாதீர்கள். ரயில்வே சட்டம் 147-ஆம் பிரிவில் ஆயிரம் ரூபாய் வரை அபராதமோ ஆறு மாதம் வரை சிறையோ உண்டு. அதைவிட, விரைவு ரயில் ஓடும் பாதையில் வண்டி வரும் வேகத்தைக் கண் சரியாகக் கணிக்காது.

தென்மாவட்ட விரைவு ரயில்களுக்கும் இது முக்கியமான நிலையம், சென்ட்ரல், எழும்பூருக்கு அடுத்த மூன்றாவது முனையம். எழும்பூரில் கிளம்பும் வண்டிக்கு எழும்பூரிலிருந்தே டிக்கெட் எடுத்துவிட்டு, வீடு பக்கம் என்று தாம்பரத்தில் ஏறலாமென்றால், ஏறும் நிலையத்தை முன்கூட்டியே மாற்றிவிடுங்கள். மாற்றாவிட்டால் எழும்பூரில் ஆள் வரவில்லை என்று குறித்து, படுக்கை காத்திருப்போர் பட்டியலில் உள்ளவருக்குப் போய்விடலாம்.

ஞாயிற்றுக்கிழமை சேவைகள் குறைவு. பராமரிப்புப் பணி பெரும்பாலும் அன்றைக்கும் இரவிலும் நடப்பதால் வண்டிகள் ரத்தாகும், அல்லது பாதி வழியோடு நின்றுவிடும். முதல் நாளே தெற்கு ரயில்வே அறிவிப்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். இரவில் கடைசியாகப் பீச்சை விட்டுக் கிளம்பும் வண்டிகள் தாம்பரத்தோடு நின்றுவிடும். அதற்கு அப்பால் போகிறவர்கள் செங்கல்பட்டு வண்டியின் கடைசி நேரத்தைத்தான் நினைவில் வைக்க வேண்டும். தவறவிட்டால் மேற்குப் பக்கம் இறங்கி ஜி.எஸ்.டி. சாலையில் கிளாம்பாக்கம் பக்கம் போகும் பேருந்தைப் பிடிக்கலாம்.