பந்துக்கு உடம்பு சரியில்லையா?

பிளெண்டர் என்ற அனிமேஷன் மென்பொருளைத் திறந்ததும் திரை நடுவில் சாம்பல் நிறப் பெட்டி ஒன்று நிற்கும். கூடவே ஒரு கேமரா, ஒரு விளக்கு. பெட்டியை நாம் கேட்டிருக்க மாட்டோம். அதை அழிப்பதுதான் பெரும்பாலானவர்களுக்கு முதல் பாடம். எக்ஸ் அழுத்தி, ஆமாம் என்று சொன்னால் போய்விடும். புதுக் கோப்பு திறந்தால் கொஞ்சம்கூடக் கோபமில்லாமல் திரும்ப வந்து நிற்கும்.

எனக்கு இந்தப் பெட்டியோடு பழக்கம் ஏற்பட்டதற்குத் தம்பிதான் காரணம். அவனுடைய வீடியோ ஒன்றின் முகப்பில் பத்து விநாடிக்கு ஒரு பந்து துள்ள வேண்டுமாம். "நீ சும்மாதானேக்கா இருக்க" என்றான். எனக்கு அனிமேஷன் தெரியாது என்றதற்கு, 2025-ல் ஆஸ்கர் வாங்கிய 'ஃப்ளோ' படமே பிளெண்டரில் செய்ததுதான் என்றான். "லாட்வியாக்காரங்க வெள்ளத்துல ஒரு பூனையையே ஓட விட்டிருக்காங்க. உன்னால ஒரு பந்தைத் துள்ள விட முடியாதா?"

மென்பொருள் இலவசம் என்றதும் அம்மாவுக்குச் சந்தேகம் வந்துவிட்டது. "சும்மா குடுத்துட்டு எதுல பிடிப்பாங்க?" நெதர்லாந்துக்காரர் டோன் ரோசெண்டால் தன் ஸ்டூடியோ வேலைக்காக இதை உருவாக்கியதையும், பிறகு இதற்கென்றே தொடங்கிய நிறுவனம் 2002-ல் மூடப்பட்டதையும் சொன்னேன். மென்பொருளின் நிரலை எல்லாருக்கும் திறந்துவிட முதலீட்டாளர்கள் 1,00,000 யூரோ கேட்டார்கள். உலகம் முழுக்கப் பலர் சேர்ந்து ஏழே வாரத்தில் அதைக் கட்டினார்கள். 2002 அக்டோபர் 13 முதல் இது எல்லாருடையது. அம்மா கவனமாகக் கேட்டுவிட்டு, "அப்ப நமக்கும் சேர்த்து யாரோ முன்னாடியே கட்டிட்டாங்க" என்றார். இதைவிடச் சுருக்கமாக யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

சரி, கீபோர்டுக்கு வருவோம். ஜி என்றால் நகர்த்து, ஆர் சுழற்று, எஸ் அளவை மாற்று. எஸ், இஸட், 0.7 என்று வரிசையாகத் தட்டினால் உயரம் மட்டும் குறையும். கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் மவுஸ் எந்தப் பகுதியின் மேல் நிற்கிறதோ, தட்டியது அந்தப் பகுதிக்குத்தான் போய்ச் சேரும். பந்தை நகர்த்துவதாக நினைத்து ஜி தட்டுவோம், மவுஸ் கீழே டைம்லைன் என்ற காலக்கோட்டின் மேல் இருந்தால், எந்த நேரத்தில் பொருள் எங்கே என்று குறித்துவைக்கும் கீஃப்ரேம்கள் கிளம்பிவிடும். இது போதாதென்று பழைய பாட வீடியோக்கள் வேறு. 2019-ல் வந்த 2.80 பதிப்பிலிருந்துதான் இடது கிளிக்கில் பொருளைத் தேர்ந்தெடுக்கும் வழக்கம். அதற்கு முந்தைய வீடியோக்களில் ஆசிரியர் நிதானமாக வலது கிளிக் செய்து எதையாவது பிடிப்பார். நாம் செய்தால் மெனுதான் வரும். உருவங்களைச் சேர்க்கும் பட்டியலில் கோளம், உருளை, கூம்புக்கு நடுவில் ஒரு குரங்குத் தலையும் உண்டு, பெயர் சூசன். தம்பி அதைப் பார்த்துவிட்டுப் பந்தே வேண்டாம் என்று ஒரு மணி நேரம் அடம்பிடித்தது தனிக் கதை.

சூம் செய்து செய்து பந்தைத் தொலைத்துவிட்டால் திரையில் வெறும் சாம்பல் வெளிதான். அந்த நேரத்துக்கென்று ஒரு கீ இருக்கிறது. அதன் பெயர் ஹோம். இருப்பதையெல்லாம் கண்முன் கொண்டுவந்து நிறுத்தும். மொத்த மென்பொருளிலும் எனக்குப் பிடித்த பொத்தான் அதுதான்.

துள்ளலுக்குக் கணக்கு எளிது. விநாடிக்கு 24 ஃப்ரேம், அதாவது 24 படம். முதல் ஃப்ரேமில் பந்து மேலே, 12-ல் தரையில், 24-ல் மறுபடி மேலே. ஒவ்வோர் இடத்திலும் ஐ அழுத்தி கீஃப்ரேம் போட்டுவிட்டால் நடுவில் உள்ளதைப் பிளெண்டரே நிரப்பிக்கொள்ளும். ஸ்பேஸ்பார் தட்டினேன். பந்து இறங்கியது, ஏறியது. எனக்கு ஒரே பெருமை. அந்தப் பக்கமாகப் போன அம்மா நின்று பார்த்தார்.

"என்னடி, பந்துக்கு உடம்பு சரியில்லையா?"

அம்மா அன்றுதான் முதன்முறையாக அனிமேஷன் மென்பொருளையே பார்க்கிறார். ஆனாலும் நோய் சரியாகப் பிடிபட்டுவிட்டது. பிளெண்டர் எந்த அசைவையும் மெதுவாகத் தொடங்கி மெதுவாக முடிக்கும். உச்சியில் பந்து மெதுவாவது நியாயம், அங்கே வேகம் தீர்ந்துபோகிறது. தரையிலும் மெதுவானால்தான் வம்பு. வேகமாக மோத வேண்டிய இடத்தில், இறங்கலாமா வேண்டாமா என்று யோசித்து இறங்கும். அசைவைக் கோடாக வரைந்து காட்டும் கிராஃப் எடிட்டரைத் திறந்தால் தெரியும். தரையைத் தொடும் புள்ளியில் கோடு கிண்ணம் மாதிரி வளைந்து கிடக்கும். அந்தப் புள்ளியைப் பிடித்து, வி அழுத்தி, 'வெக்டர்' என்று கொடுத்தால் கிண்ணம் கூர்மையாகும். மேலே வளைவு, கீழே கூர். அவ்வளவுதான், பந்துக்கு ஜுரம் விட்டது.

அடுத்த புகார் தம்பியிடமிருந்து வந்தது. ரப்பர் பந்து தரையில் பட்டால் கொஞ்சம் நசுங்க வேண்டுமாம். நசுக்கலாம். உயரம் 0.7 ஆனால் அகலம் இரு பக்கமும் 1.2 ஆக வேண்டும், அப்போதுதான் பருமன் ஏறக்குறைய அப்படியே இருக்கும். கணக்கு சரி, ஆனால் பந்து தரைக்கு மேலே அந்தரத்தில் நசுங்கியது. அளவு மாறும்போது அசையாமல் நிற்கும் ஆரிஜின் புள்ளி அதன் நடுவயிற்றில் இருந்ததால் மேலிருந்தும் கீழிருந்தும் சமமாகச் சுருங்கியிருக்கிறது. ஆரிஜினைப் பந்தின் அடிக்கு இறக்கிய பிறகுதான் தரையில் உட்கார்ந்து நசுங்கியது. அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். "இப்பத்தான் தேறியிருக்கு. உடனே இந்த அடி அடிக்கணுமா?" என்றார்.

கடைசியில் ரெண்டர். கன்ட்ரோலும் எஃப் 12-ம் சேர்த்துத் தட்டினால் முதல் ஃப்ரேமிலிருந்து 250 வரை ஒவ்வொன்றாகப் படம் எடுக்கும். தம்பி கேட்ட பத்து விநாடிக்கு ஏறக்குறையச் சரியாகத்தான் வருகிறது. என்ன, பந்து அதற்கு வெகு முன்பே துள்ளி முடித்துவிடும். மீதி நேரமெல்லாம் சும்மா மேலேயே நின்றிருக்கும் பந்தைக் கணினி மூச்சு வாங்க வாங்க ஒவ்வொரு ஃப்ரேமாக வரைந்தது. "கடைசியில பந்து என்னக்கா பண்ணுது?" என்றான் தம்பி. "அங்கதான் உன் சேனல் பேரைப் போடணும்" என்றேன். நம்பிவிட்டான்.

வீடியோவைக் குடும்பக் குழுவில் போட்டோம். இதயங்கள் வந்தன, கைதட்டல்கள் வந்தன. பெரியப்பா மட்டும் நிதானமாகப் பார்த்துவிட்டு எழுதினார்: "பந்து சரிம்மா. போட்ட ஆள் எங்கே?"

ஆள் வேண்டுமென்றால் ஆர்மேச்சர் என்ற எலும்புக்கூடு போட வேண்டும், அதற்கு எலும்பு எலும்பாகச் சேர்க்க வேண்டும், எந்த எலும்பு உடம்பின் எந்தப் பகுதியை இழுக்கும் என்று வெயிட் பெயின்ட் பூச வேண்டும், முழங்கை மடங்கும்போது தோள் கூடவே வராமல் பார்த்துக்கொள்ள வேண்டும். இவ்வளவையும் டைப் செய்து, அழித்துவிட்டு, பெரியப்பாவுக்கு ஒரு கட்டைவிரல் மட்டும் அனுப்பினேன்.