கல்யாணப்பெண்ணுக்காகப் புதுச்சேரியில் ஒரு புதையல் வேட்டை

கல்யாணத்துக்கு முன் தோழிகள் சேர்ந்து கொண்டாடும் பேச்சிலரேட் பார்ட்டி என்றதும் வாட்ஸ்அப் குழுவில் கோவா, ரிசார்ட் என்று ஆளாளுக்கு லிங்க் போட ஆரம்பித்தார்கள். நான் பாண்டிச்சேரி என்றேன். கல்யாணப்பெண்ணின் பாட்டி வீடு அங்கேதான். பள்ளி விடுமுறையெல்லாம் அந்த ஊரில் கழித்தவள் அவள். அவளுக்குத் தெரிந்த ஊரிலேயே, அவளைச் சுற்றி ஒரு புதையல் வேட்டை வைக்க வேண்டும் என்று எனக்கு ஆசை.

இணையத்தில் தேடினால் வருகிற யோசனைகளில் பாதி, மணப்பெண்ணை நடுத்தெருவில் ஆடவிடுவது, முன்பின் தெரியாத ஆணிடம் பூ நீட்டச் சொல்வது. அவை எதுவும் வேண்டாம் என்று முதலிலேயே முடிவு செய்தேன். தோழிகளோடு சந்தோஷமாக இருக்க வந்தவளை எதற்கு ஊரார் முன் கூச வைக்க வேண்டும்? பிரெஞ்சுக்காரர்கள் காலத்துப் பகுதியான வெள்ளை நகரத்தில் மக்கள் குடியிருக்கிறார்கள், அரவிந்தர் ஆசிரமம் இருக்கிறது. அதனால் விதிகள் இவ்வளவுதான்: யார் வீட்டுக் கதவையும் தட்டக்கூடாது, எதையும் பெயர்த்தெடுக்கக்கூடாது, விடையைப் போட்டோ பிடித்துக் குழுவில் போட வேண்டும்.

முன்கூட்டியே ஒருமுறை தனியாகப் போய், நோட்டும் பேனாவுமாக மொத்தப் பாதையையும் நடந்து பார்த்தேன். வேட்டை வைக்க நினைப்பவர்கள் இதை மட்டும் விட்டுவிடாதீர்கள். மேப்பில் எல்லாம் பக்கத்துப் பக்கத்தில்தான் தெரியும். வெயில் அதில் தெரியாது. கடற்கரைச் சாலையில் மாலை 6 மணியிலிருந்து காலை 7.30 வரை வண்டிகள் வராது. ஆகவே விடியற்காலையில் கடலோரம் தொடங்கி, வெயில் ஏறுவதற்குள், வெள்ளை நகரத்தையும் தமிழர் பகுதியையும் பிரிக்கிற பெரிய வாய்க்காலைத் தாண்டித் தமிழர் பகுதிக்குப் போய்விடுவது என்று திட்டம்.

துப்புகளை விடுகதையாகவே எழுதினேன். முதலாவது: 'எட்டுப் பேர் செஞ்சியிலிருந்து வந்தோம், நடுவில் நிற்பவர் குஜராத்திலிருந்து வந்தார்.' காந்தி சிலையைச் சுற்றி நிற்கிற கருங்கல் தூண்கள் செஞ்சியிலிருந்து கொண்டுவரப்பட்டவை. சிலையைப் பல தடவை பார்த்திருந்தும் தூண்களை எண்ணியதே இல்லை என்றாள் ஒருத்தி. இரண்டாவது: 'வீட்டை இடித்துக் குளம் வெட்டினாள், பின்னாளில் பிரெஞ்சுச் சக்கரவர்த்தி மண்டபம் கட்டினான்.' பாரதி பூங்காவின் நடுவில் இருக்கிற ஆயி மண்டபம். தாசி ஆயியின் வீட்டு விளக்கொளியைக் கண்டு கோயில் என்று நினைத்து ராஜா கும்பிட்டாராம். உண்மை தெரிந்ததும் வீட்டை இடிக்கச் சொன்னாராம். தன் கையாலேயே இடித்துக் குளமாக்குகிறேன் என்று அவள் கேட்டுக்கொண்டதாக ஊர்க்கதை. மூன்றாம் நெப்போலியன் காலத்தில் ஊருக்குத் தண்ணீர் கொண்டுவந்தபோது அவள் நினைவாக எழுந்தது இந்த வெள்ளை மண்டபம். எங்கள் கூட்டம் அதைச் சுற்றி வந்து ராஜாவை நன்றாகத் திட்டியது.

பெரிய சண்டை வந்தது மூன்றாவதில். மணப்பெண்ணின் பெயர் 'ர'வில் தொடங்கும். 'அவள் எழுத்தில் தொடங்கும் தெருவின் பெயர்ப்பலகை' என்று கேட்டிருந்தேன். ஓர் அணி ரோமன் ரோலண்ட் வீதிக்கு ஓடியது. இன்னோர் அணி வாய்க்காலைத் தாண்டி ரங்கப்பிள்ளை வீதிக்கு ஓடியது. யார் சொன்னது சரி என்று குழுவில் வாய்ஸ் மெசேஜாகக் குவிந்தது. பதினெட்டாம் நூற்றாண்டில் நாட்குறிப்பு எழுதிய ஆனந்தரங்கப் பிள்ளைக்கு என் ஓட்டு என்றாலும், இரண்டு அணிக்கும் மதிப்பெண் கொடுத்தேன்.

நான்காவதற்கு விடுகதை எழுதவில்லை. அவள் அம்மாவிடம் ரகசியமாக வாங்கிய பழைய போட்டோ ஒன்றை மட்டும் அனுப்பினேன். பாவாடை சட்டையில் ஆறு வயதுப் பெண், தலைமேல் யானையின் தும்பிக்கை, கண்ணை இறுக்க மூடியிருக்கிறாள். யானையின் காலில் கொலுசு. மணக்குள விநாயகர் கோயில் லட்சுமி! 2022 நவம்பரில் லட்சுமி இறந்தபோது ஊரே அழுதது. படம் எடுத்த இடத்தைக் கண்டுபிடித்து அங்கேயே அதே மாதிரி நிற்க வேண்டும் என்பது போட்டி. கோயில் வாசலில், அருகம்புல்லும் தாமரையும் விற்கிற கடைகளுக்கு எதிரே, அவள் தானாகவே கண்ணை மூடிக்கொண்டு நின்றாள். யாரும் சொல்லித்தரவில்லை. மதிப்பெண் போடவே மறந்துவிட்டோம்.

கடைசி நிறுத்தம் குபேர் அங்காடி. ஒரு முழம் மல்லி வாங்கி, பூக்காரம்மாவிடம் புதுப்பெண்ணுக்கு ஒரு வார்த்தை கேட்டு வர வேண்டும். அந்த அம்மா முழங்கையால் அளந்து, அதற்கு மேல் ஒரு சாண் விட்டு நூலை அறுத்தார். "சம்பளம் வாங்குறியா கண்ணு? அதை உன் பேர்லயே போட்டு வெச்சுக்கோ. மீதியெல்லாம் தானா சரியாவும்" என்றார். பூவுக்குக் காசு வாங்கிக்கொண்டார்; அந்த ஒரு சாணுக்கு மட்டும் வாங்க மறுத்துவிட்டார். பிறகு நேரு வீதி இந்தியன் காபி ஹவுஸில் உட்கார்ந்து, ரோமன் ரோலண்டா ரங்கப்பிள்ளையா என்று மறுபடி ஆரம்பித்தார்கள்.

வரும் தை மாதம் எங்கள் மதுரைக்காரிக்குக் கல்யாணம். அவளுக்கான முதல் துப்பு தயார்: 'பத்துப் பேர் நிற்கிறோம், எங்கள் அரண்மனையைக் காணோம்.' மதுரை வாசகர்கள் யாரும் கமெண்டில் விடை சொல்லிவிடாதீர்கள், அவளும் இதைப் படிப்பாள்.