ரிஷிகேஷில் கதவைச் சாத்திக்கொண்ட பெண்

ரிஷிகேஷ் போகிற நம்மவர்கள் சிவானந்தர் சமாதியை வணங்கிவிட்டு (பத்தமடைக்காரர் ஆயிற்றே, திருநெல்வேலிக்காரர்களுக்குத் தனிப் பெருமை), ராம் ஜூலாவில் கங்கையைக் கடந்து, நீலகண்டருக்கு ஜீப் பிடித்துவிடுவார்கள். அம்மாவும் நானும் அப்படித்தான். நல்ல தரிசனம். இறங்கி வந்த பிறகும் பொழுது இருந்ததால், சுவர்காசிரமத்தைத் தாண்டிச் சௌராசி குட்டியா வரை நடந்தோம்.

ஆழ்நிலை தியானத்தை உலகெங்கும் பரப்பிய மகரிஷி மகேஷ் யோகியின் பழைய ஆசிரமம் அது. இப்போது ராஜாஜி புலிகள் காப்பகத்துக்குள் இருப்பதால் வனத்துறையிடம் டிக்கெட் வாங்க வேண்டும். உள்ளே, ஆற்றுக் கற்கள் பதித்த உருண்டையான தியானக் குடில்கள். கூரை போன கட்டடங்களில் மரங்கள் வளர்ந்து நிற்கின்றன.

1968-இல் தியானம் கற்க இங்கே வந்து தங்கிய ஆங்கிலேய இசைக்குழு பீட்டில்ஸ். வருகிறவர்கள் எல்லாம் அவர்களுடைய ஓவியங்கள் முன் நின்று படம் எடுக்கிறார்கள். நான் தேடியது புருடென்ஸ் ஃபாரோவை. ஹாலிவுட் இயக்குநரின் மகள், நடிகை மியா ஃபாரோவின் தங்கை, கத்தோலிக்க வளர்ப்பு. பதின்வயதிலேயே எல்எஸ்டி என்ற போதைப்பொருள் வரை போய்ப் பார்த்துவிட்டு, ஆழ்நிலை தியானத்துக்கு வந்தவர். 1968 தொடக்கத்தில் இங்கே வந்தபோது வயது 20.

மற்றவர்கள் கிடாரோடு கூடிப் பேசிக்கொண்டிருக்க, இவர் அறைக் கதவைச் சாத்திக்கொண்டு மணிக்கணக்கில் தியானத்தில் உட்கார்ந்துவிட்டார். கவலைப்பட்டு, வெளியே அழைத்துவர பீட்டில்ஸ் குழுவின் ஜான் லெனனையும் ஜார்ஜ் ஹாரிசனையும் அனுப்பினார்கள். லெனன் அவரை அழைத்தே 'டியர் புருடென்ஸ்' என்று ஒரு பாட்டும் எழுதினார். உலகத்துக்குத் தெரிந்தது அந்தப் பாட்டுதான். எனக்கென்னவோ, கூப்பிட்டவரைவிடக் கூப்பிட்டும் வராதவர்தான் இங்கே பெரிய ஆளாகத் தெரிகிறார். ஏப்ரலுக்குள் பீட்டில்ஸ் நால்வரும் கிளம்பிவிட்டார்கள். புருடென்ஸ் பயிற்சியை முடித்துத் தியான ஆசிரியர் ஆனார். 2007-இல் அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் வாங்கினார். ஆய்வு எதைப் பற்றி என்கிறீர்கள்? ஆயுர்வேத நாடிப் பரீட்சை! ஹிப்பி என்றாலே கஞ்சாவும் சடைமுடியும்தான் என்று நினைக்கிற நம் வீடுகளில் இதைச் சொன்னால் நம்பமாட்டார்கள்.

ஒரு குடிலுக்குள் சிறிது நேரம் கண்மூடி உட்கார்ந்து பார்த்தேன். வெளியே செல்ஃபி சத்தம். மனசு நிற்கவில்லை.

அம்மாவிடம் இந்தக் கதையைச் சொன்னபோது ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

"அந்தப் பொண்ணு என்ன மந்திரம் சொல்லுச்சாம்?"

"அதை யார்கிட்டயும் சொல்லக் கூடாதாம்மா."

"அப்ப சரியான உபதேசம்தான்" என்று சொல்லிவிட்டு, ஆரத்திக்கு நேரமாகிறது என்று முன்னால் நடக்க ஆரம்பித்தாள்.