ஹன்னெஸ் ரோஸ்தமைப் படித்து மறுதேர்வில் பாஸான கதை

இதழியல் கோர்ஸில் ஆவணப்படத் தாளை முதல் தடவை எழுதியபோது எனக்கு 'ஊ' வந்தது. ஸ்வீடனில் ஃபெயிலுக்கு அந்த எழுத்துதான். தொலைக்காட்சிப் பத்திரிகையாளர் ஒருவரின் பணியை ஆராய்ந்து எழுதச் சொல்லியிருந்தார்கள். நான் எடுத்தது ஹன்னெஸ் ரோஸ்தம். 1955இல் பிறந்தார், முதலில் பேஸ் கிட்டார் வாசித்தார், பிறகு பொதுத் தொலைக்காட்சியான எஸ்விடியில் புலனாய்வு நிருபர், 2012 ஜனவரியில் புற்றுநோயால் இறந்தார் என்று வரிசையாக எழுதி வைத்தேன். ஒரு தேதிகூடத் தப்பில்லை, ஆனால் மார்க்கும் இல்லை. திருத்தியவர் ஓரத்தில் ஒரே கேள்விதான் எழுதியிருந்தார்: அவர் எப்படி வேலை செய்தார்?

மறுதேர்வுக்கு அவருடைய வாழ்க்கையை மூடிவைத்துவிட்டு தாமஸ் குவிக் வழக்கை மட்டும் எடுத்தேன். உங்களுக்கும் அதைத்தான் சொல்வேன், ஒரே ஒரு வழக்கு போதும். சேத்தெர் மனநல மருத்துவமனையில் இருந்த ஸ்டூரெ பெர்க்வால், தாமஸ் குவிக் என்ற பெயரில், முப்பதுக்கும் மேற்பட்ட கொலைகளை ஒப்புக்கொண்டவர். 1994 முதல் 2001 வரை நடந்த ஆறு விசாரணைகளில் எட்டுக் கொலைகளுக்குத் தண்டனையும் பெற்றார். உறுதியான தடயம் எதுவும் இல்லை, பெரும்பாலும் வாக்குமூலம்தான்.

முதலில் ஒரு பெரிய தாளில் நடுவே கோடு போட்டு, இடது பக்கம் குவிக் சொன்னதையும் வலது பக்கம் உண்மையில் இருந்ததையும் எழுதினேன். நார்வேயின் த்ராம்மென் நகரில் 1988இல் காணாமல் போன ஒன்பது வயது தெரெஸைப் பொன்னிற முடிக்காரி என்றார், அவளுக்கோ கறுப்பு முடி. அவள் இருந்தது கான்கிரீட் அடுக்குமாடிகள் நிறைந்த பகுதி, அவர் வர்ணித்தது கிராமம் போன்ற ஓர் இடம். அவளுடையது என்று சொல்லப்பட்ட, காட்டில் கிடைத்த 'எலும்புத் துண்டு' 2010இல் சோதித்தபோது மரமும் பசையுமாக இருந்தது! (இதை எழுதும்போது எனக்கே சிரிப்பும் கோபமும் சேர்ந்து வந்தது.) ரோஸ்தம் செய்ததும் கிட்டத்தட்ட இந்த வேலைதான், என்னுடையதைவிடப் பல மடங்கு பெரிய அளவில்: விசாரணைக் கோப்புகளைப் பக்கம் பக்கமாகப் படித்தார், சம்பவ இடங்களில் போலீஸ் எடுத்த வீடியோக்களை முழுசாகப் பார்த்தார். அதில் பெர்க்வால் மருந்து மயக்கத்தில் தள்ளாடுவது அப்பட்டமாகத் தெரிந்தது. 2008இல் ரோஸ்தம் அதை பெர்க்வாலிடமே சொன்ன பிறகுதான் அவர் வாக்குமூலங்களைத் திரும்பப் பெற்றார். அந்த டிசம்பரில் ரோஸ்தமின் ஆவணப்படம் ஒளிபரப்பானது, 2013க்குள் எட்டு வழக்குகளும் ஒவ்வொன்றாக விழுந்தன.

ஒரு பொறி இருக்கிறது, நானும் முதல் தடவை அதில் விழுந்தேன். குவிக்கை முதலில் சந்தேகித்தவர் ரோஸ்தம் என்று எழுதிவிடாதீர்கள். எழுத்தாளர் யான் கியூ, குற்றவியலாளர் லேய்ஃப் பெர்சோன் போன்றவர்கள் முன்பே சந்தேகப்பட்டிருந்தார்கள். சந்தேகத்தை ஆவணத்தால் நிறுவியதுதான் ரோஸ்தமின் பங்கு. இதை விளக்க ஸ்வீடனின் 1766ஆம் ஆண்டுப் பத்திரிகைச் சுதந்திரச் சட்டத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள், அரசு ஆவணத்தை யார் வேண்டுமானாலும் கேட்டு வாங்கலாம் என்ற வழக்கம் அங்கிருந்து வருவதுதான். சும்மா படிக்காமல் நீங்களே ஒரு நீதிமன்றத்துக்கு மின்னஞ்சல் போட்டு ஏதாவது ஒரு தீர்ப்பின் நகலைக் கேட்டுப் பாருங்கள். எனக்கு வந்ததில் பாதி வார்த்தைகள் புரியவில்லை, அகராதியை வைத்துக்கொண்டு ஒரு வாரம் உட்கார்ந்தேன். அப்புறம் தேர்வில் சட்டச் சொல் எதைப் பார்த்தும் கை நடுங்கவில்லை.

மறுதேர்வில் வந்த கேள்வி, பத்திரிகையாளர் தான் பேட்டி எடுப்பவரை நம்பலாமா என்பது. பெர்க்வால் முதலில் ஒப்புக்கொண்டபோது நம்பியவர்கள் தவறினார்கள் என்றால், பின்னால் மறுத்தபோது மட்டும் ஏன் நம்ப வேண்டும், அதனால்தான் ரோஸ்தம் அவர் பேச்சோடு நிற்காமல் மீண்டும் கோப்புகளுக்கே போனார் என்று நான்கு பக்கம் எழுதினேன். பாஸ்.

மறுதேர்வுக்குத் தனியாகப் பதிவு செய்ய வேண்டும், அதற்கான கடைசித் தேதி தேர்வுக்குப் பல நாள் முன்பே முடிந்துவிடும். அதை மட்டும் இன்றைக்கே காலண்டரில் குறித்துவிடுங்கள்.